நகலெடுத்தவர்களின் நாடு: கணினி விளையாட்டும் கள்ளப் பிரதியும்

கணினி விளையாட்டுகளைப் பணம் கொடுக்காமல் நகலெடுத்து ஆடுவது தவறா என்ற கேள்விக்கு, அவற்றை உருவாக்கும் நிறுவனங்கள் தரும் விடையும் நகலெடுத்து ஆடுபவர்கள் தரும் விடையும் ஒன்றையொன்று சந்திப்பதே இல்லை. நிறுவனங்கள் இதைக் கடையில் புகுந்து பொருளை எடுத்துச் செல்லும் திருட்டோடு ஒன்றாக வைக்கின்றன. ஆடுபவர்களோ, எடுத்த பின்னும் பொருள் உரியவரிடமே இருக்கும்போது அது எப்படித் திருட்டாகும் என்று கேட்கிறார்கள். இரு தரப்பாருமே நகலெடுக்கும் செயலை மட்டும் தனியே எடுத்து வைத்துப் பேசுகிறார்களே தவிர, அதைச் செய்பவர் எந்த நாட்டில், எந்தக் காலத்தில், எத்தகைய சந்தையின் முன் நிற்கிறார் என்பதைக் கணக்கில் எடுப்பதில்லை. அந்தக் கணக்கைப் போட்டுப் பார்ப்பதற்குப் போலந்தின் கடந்த நாற்பது ஆண்டு வரலாறு மிகவும் உதவும். ஏனெனில் சட்டபூர்வமான பிரதி என ஒன்று கிடைக்கவே கிடைக்காத காலம், கிடைத்தும் வாங்க முடியாத காலம், வாங்க முடிந்தும் பலர் வாங்காத காலம் ஆகிய மூன்றும் அங்கே ஒரே தலைமுறையின் வாழ்நாளுக்குள் அடுத்தடுத்து வந்தன.

1980களில் போலந்து கம்யூனிஸ்ட் ஆட்சியின் கீழ் இருந்தது. உயர் தொழில்நுட்பப் பொருள்கள் சோவியத் அணி நாடுகளுக்குச் சென்றுவிடாமல் தடுப்பதற்காக மேற்கு நாடுகள் அமைத்திருந்த கோகாம் என்னும் கட்டுப்பாட்டுக் குழு ஒருபுறமும், வெளிநாடுகளில் செல்லாத ஸ்வோட்டி என்னும் உள்நாட்டு நாணயம் மறுபுறமும் நெருக்க, வீட்டுக் கணினி என்பது அங்கே எளிதில் கிட்டாத பொருளாக இருந்தது. மேற்கு நாட்டுக்குச் சென்று திரும்பும் உறவினர் ஒருவர் ஸ்பெக்ட்ரம் கணினி ஒன்றைக் கொண்டுவந்தால் உண்டு. அல்லது டாலர் கொடுப்போருக்கு மட்டும் பொருள் விற்ற பெவெக்ஸ் என்னும் அரசுக் கடைகளில் அட்டாரி கணினி வாங்கலாம். கறுப்புச் சந்தை மாற்று விகிதத்தில் சராசரி மாதச் சம்பளம் சில பத்து டாலர்களே தேறிய ஒரு நாட்டில், குடும்பமே சேர்ந்து சேமித்து வாங்கிய அந்தக் கணினியில் ஆடுவதற்கான விளையாட்டுகளைச் சட்டப்படி விற்க அங்கே கடையும் இல்லை, முகவரும் இல்லை. லண்டனிலிருந்து வரவழைக்கலாம் என்றால் அதற்குரிய நாணயமும் கையில் இல்லை.

நகலெடுப்பதோ மிக எளிதாக இருந்தது. அக்காலத்து விளையாட்டுகள், பாட்டுக் கேட்கப் பயன்படும் அதே ஒலிநாடாக்களில்தான் வந்தன; நிரல், அதாவது கணினிக்கான கட்டளைகளின் தொகுப்பு, கீச்சிடும் ஒலியாக மாற்றப்பட்டு நாடாவில் பதியப்பட்டிருக்கும், கணினி அவ்வொலியைச் சில நிமிடங்கள் கேட்டு அதை மீண்டும் நிரலாக்கிக்கொள்ளும். இரண்டு டேப் ரெக்கார்டர்களும் அவற்றை இணைக்க ஒரு கம்பியும் இருந்தால் யாரும் ஒரு விளையாட்டை இரண்டாக்கலாம். நிரல் ஒலியாகவே இருந்ததால் அதை வானொலியிலும் அனுப்ப முடிந்தது: போலந்து வானொலியில் அப்படியொரு நிகழ்ச்சி நடந்தது, அன்றைய யூகோஸ்லாவியாவில் பெல்கிரேட் வானொலியின் ‘வென்டிலேட்டர் 202’ நிகழ்ச்சி, நேயர்கள் எழுதி அனுப்பிய நிரல்களை 1983 முதல் ஒலிபரப்ப, கேட்பவர்கள் அவற்றை நாடாவில் பதிந்துகொண்டார்கள். அரசு வானொலியே நிரலைக் காற்றில் அனுப்பி யாரும் எடுத்துக்கொள்ளலாம் என்று சொன்ன சூழலில் வளர்ந்த ஒரு சிறுவனுக்கு, நிரல் என்பது ஒருவருக்கு உரிய சொத்து என்ற எண்ணம் எங்கிருந்து வந்திருக்கும் என்பது நியாயமான கேள்வி. சட்டத்திலிருந்தும் அது வந்திருக்க முடியாது. 1952ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட போலந்தின் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரல்களைப் பற்றி எதுவும் சொல்லவில்லை.

இந்தச் சூழலில்தான் வார்சா நகரத்தின் கிஷிபோவ்ஸ்கா தெருவில், பள்ளிக் கட்டடம் ஒன்றில், வார இறுதிதோறும் ஒரு கணினிச் சந்தை கூடியது. ஒலிநாடாக்களும், பின்னர் நெகிழ்வட்டுகளும், அதற்கும் பின்னர் குறுந்தகடுகளும் அங்கே பகிரங்கமாக விற்கப்பட்டன, மாற்றிக்கொள்ளப்பட்டன. அச்சந்தைக்கு வந்துபோன பள்ளி மாணவர்களில் ஒருவர் மார்ச்சின் இவின்ஸ்கி. கிரேக்க நாட்டிலிருந்த முன்பின் தெரியாத ஒருவருக்குக் கடிதம் எழுதி, ‘டார்கெட் ரெனகேட்’ என்ற விளையாட்டின் நகலைத் தபாலில் வரவழைத்து, அதை வார்சா சந்தைக்குக் கொண்டுபோனதை அவரே பிற்காலத்தில் ஒளிவுமறைவின்றிச் சொல்லியிருக்கிறார். அவருடைய பெயர் இந்த வரலாற்றில் மீண்டும் வரும்.

இக்காலத்து நகலெடுப்பால் யாருக்கு என்ன இழப்பு ஏற்பட்டது என்று பார்த்தால், பிரிட்டிஷ் பதிப்பாளருக்கு அங்கே விற்பனையே இல்லாததால் குறைவதற்கும் ஒன்றுமில்லை என்றே சொல்ல வேண்டியிருக்கிறது. நகல் இல்லாவிட்டால் அந்த மாணவர் பணம் கொடுத்து வாங்கியிருப்பார் என்ற வாதம் இங்கே பொருந்தாது. நகல் இல்லாவிட்டால் அவர் கணினியையே அறியாமல் வளர்ந்திருப்பார். எனினும் இதைக் குற்றமற்ற பொற்காலமாகக் காட்டுவதும் உண்மைக்கு மாறானது. ‘ராபோ’ போன்ற விளையாட்டுகளை 1989இல் வெளியிட்ட எல்கே அவலான் என்னும் போலந்து நிறுவனம், தன் நாடாக்களை எந்தக் கணினிச் சமூகத்திடம் விற்க முயன்றதோ அந்தச் சமூகம் நகலெடுத்தே பழகியிருந்தது. எட்டாத தொலைவிலிருந்த அயல்நாட்டாருக்கு எதிராக உருவான ஒரு பழக்கம், பக்கத்துத் தெருவில் இருந்துகொண்டு தன் உழைப்பை விற்க வந்த நிரலாளரைக் கண்டதும் தானாக நின்றுவிடுவதில்லை. வறுமையில் நியாயமாகத் தொடங்கும் பல பழக்கங்களுக்கு இந்தத் தீங்கு உண்டு.

நகலெடுப்பைச் சுற்றி ஒரு பண்பாடும் வளர்ந்தது. பதிப்பாளர்கள் தங்கள் வட்டுகளில் நகல் தடுப்புகளை வைக்கத் தொடங்கியதும், நிரலைப் பிரித்துப் படித்து அத்தடுப்பை நீக்குவதில் தேர்ந்த இளைஞர்கள் ஐரோப்பா முழுவதும் குழுக்களாகத் திரண்டார்கள். தடுப்பு நீக்கப்பட்ட பிரதிக்கு ‘கிராக்’ என்று பெயர். நார்வேயில் 1985இல் தோன்றிய ரேஸர் 1911, ஸ்வீடனில் 1987இல் தோன்றிய ஃபேர்லைட் ஆகியவை அவற்றுள் புகழ்பெற்றவை. ஒரு விளையாட்டு வெளியானதும் அதை முதலில் உடைப்பது யார் என்பதே அவர்களிடையே போட்டி. பரிசு பணமன்று, பெயர். அதனால் விளையாட்டு தொடங்கும் முன் தங்கள் குழுவின் பெயரை அசையும் எழுத்துகளோடும் இசையோடும் காட்டும் ஒரு சிறு முகப்பை அவர்கள் சேர்த்தார்கள். சில ஆயிரம் எழுத்துகள் கொள்ளும் இடத்துக்குள் படமும் இசையும் செய்து காட்டும் அந்தத் திறமை நாளடைவில் விளையாட்டை விட்டுப் பிரிந்து, ‘டெமோசீன்’ எனப்படும் தனிக் கலையாயிற்று. பின்லாந்து 2020இலும், ஜெர்மனி 2021இலும், அதன் பின் போலந்தும் அக்கலையைத் தங்கள் தேசிய மரபுப் பட்டியல்களில் சேர்த்துக்கொண்டன. ‘தி சைலன்ட்ஸ்’ என்ற டெமோ குழுவைச் சேர்ந்த ஸ்வீடன் இளைஞர்கள் 1992இல் தொடங்கிய டைஸ், பின்லாந்தின் ‘ஃபியூச்சர் க்ரூ’ குழுவினர் 1995இல் தொடங்கிய ரெமெடி ஆகிய இரண்டும் பின்னர் உலகம் அறிந்த விளையாட்டு நிறுவனங்களாயின. கிராக் குழுக்களுக்குள் எழுதப்படாத ஒரு விதியும் இருந்தது: உடைத்ததை விற்கக் கூடாது; விற்பவரை அவர்கள் இழிவாகவே கருதினார்கள். சட்டம் இந்த வேறுபாட்டைப் பெரிதாக மதிப்பதில்லை என்றாலும், அறத்தின் நோக்கில் அது முக்கியமானது. பிறர் உழைப்பை நண்பனுக்குக் கொடுப்பவரும் பிறர் உழைப்பைத் தன் பிழைப்பாக்கிக்கொள்பவரும் ஒரே செயலைச் செய்பவர்கள் அல்லர்.

அந்தப் பிழைப்பு பெரும் தொழிலாக வளர்ந்ததற்குச் சான்று வேறொரு திசையில் இருக்கிறது. ஜப்பானின் நின்டெண்டோ 1983இல் வெளியிட்ட ஃபாமிகாம் என்னும் விளையாட்டுக் கருவியை, தைவானிலும் பின்னர் சீனாவிலும் இருந்த தொழிற்சாலைகள் அப்படியே நகல் செய்து உலகெங்கும் அனுப்பின. ரஷ்யாவில் ‘டெண்டி’ என்றும் போலந்தில் ‘பெகாசஸ்’ என்றும் விற்ற அதே கருவிதான் 1990களில் தமிழகத்து வீடுகளுக்குள் வெறும் ‘வீடியோ கேம்’ என்ற பெயரில் வந்தது. நூற்றுக்கணக்கான விளையாட்டுகள் உண்டென்று அட்டையில் அச்சிட்டுச் சிலவற்றையே திரும்பத் திரும்பக் காட்டிய கேசட்டுகளில் மாரியோவையும் கான்ட்ராவையும் ஆடி வளர்ந்த பிள்ளைகளுக்கும் அவற்றை வாங்கித்தந்த பெற்றோருக்கும், தாங்கள் ஒரு போலியைப் பயன்படுத்துகிறோம் என்பதே தெரிந்திருக்கவில்லை. அறியாமல் செய்ததைக் குற்றமென்று எவரும் சொல்லமாட்டார்கள்; ஆனால் அறிந்தே அதைச் செய்து விற்றவர்கள் இருந்தார்கள் என்பதையும் மறக்கக் கூடாது.

போலந்தின் இரண்டாவது காலம் 1994இல் தொடங்குகிறது. கணினி நிரல்களுக்கும் பாதுகாப்பு அளித்த புதிய பதிப்புரிமைச் சட்டம் அவ்வாண்டு பிப்ரவரியில் இயற்றப்பட்டு மே மாதம் நடைமுறைக்கு வந்தது. அதே ஆண்டில் இவின்ஸ்கியும் அவருடைய பள்ளித் தோழர் மிஹாவ் கிச்சின்ஸ்கியும் ஏறத்தாழ 2,000 டாலர் முதலீட்டில் சிடி ப்ராஜெக்ட் என்ற நிறுவனத்தைத் தொடங்கி, அமெரிக்காவிலிருந்து அசல் குறுந்தகடுகளை இறக்குமதி செய்து விற்கலானார்கள். சட்டம் வந்துவிட்டதே தவிர, மேற்கு நாட்டு விலைக்கு நிகரான விலையைக் கொடுக்கப் போலந்து மாணவரால் முடியவில்லை. சந்தைக் கடையில் அதே விளையாட்டின் நகல் மிகக் குறைந்த விலைக்குக் கிடைத்தது. காவல்துறையை அழைத்துக் கடைகளை மூடச் சொல்வது ஒரு வழி. இவர்கள் கள்ளப் பிரதியை ஒரு போட்டியாளராகவே கருதி, அது தர முடியாதது எது என்று யோசித்தார்கள்.

அந்த யோசனையின் விளைவு 1999இல் வெளியான ‘பால்டர்ஸ் கேட்’ விளையாட்டின் போலந்து மொழிப் பதிப்பு. உரையாடல்கள் முழுவதும் போலிஷ் மொழியில் பெயர்க்கப்பட்டு, நாடறிந்த நடிகர்களின் குரலில் பதிவுசெய்யப்பட்டன. கதை நடக்கும் நிலத்தின் வரைபடம், விதிமுறைப் புத்தகம், இசைத்தட்டு எல்லாம் சேர்ந்து ஒரு கனமான பெட்டியாக அது கடைக்கு வந்தது. இன்னொரு கணக்கும் அதில் இருந்தது. அந்த விளையாட்டு ஐந்து குறுந்தகடுகளைக் கொண்டதால், ஐந்தையும் நகலெடுத்து விற்கும் சந்தைக்காரரின் விலையும் வழக்கத்தைவிட உயர்ந்தே இருந்தது. அசலுக்கும் நகலுக்கும் இடையிலான தூரம், மனம் வைத்தால் தாண்டக்கூடிய அளவுக்குக் குறைந்தது. முதல் நாளிலேயே 18,000 பெட்டிகள் விற்றன. அசலே வாங்கமாட்டார்கள் என்று மேற்கு நாட்டுப் பதிப்பாளர்கள் ஒதுக்கிவைத்திருந்த ஒரு நாட்டில் நடந்தது இது. தாய்மொழியில் பேசும் ஒரு விளையாட்டைக் கையில் கொடுத்தபோது, அதுவரை நகலெடுத்துப் பழகியவர்கள் வரிசையில் நின்று வாங்கினார்கள் என்பதை, மக்களின் ஒழுக்கக்குறைவே கள்ளப் பிரதிக்குக் காரணம் என்று பேசுவோர் எண்ணிப்பார்க்க வேண்டும்.

ஸ்டீம் என்னும் இணையவழி விற்பனைத் தளத்தை நடத்தும் வால்வ் நிறுவனத்தின் தலைவர் கேப் நியூவெல், 2011இல் இதே கருத்தைப் பொதுவாகச் சொன்னார்: கள்ளப் பிரதி என்பது பெரும்பாலும் விலையால் வரும் சிக்கல் அன்று, சேவைக் குறையால் வருவது; ரஷ்யாவில் எதுவும் விற்காது என்று மற்றவர்கள் விலகி நின்றபோது, உள்ளூர் மொழியில் காலதாமதம் இல்லாமல் கொடுத்ததால் அந்நாடு தங்களுக்குப் பெரிய சந்தையாயிற்று என்று அவர் விளக்கினார். இக்கருத்து பாதி உண்மை. விலையும் ஒரு காரணம்தான். புதிதாக வரும் பெரிய விளையாட்டு ஒன்று இந்தியாவில் 5,000 ரூபாய் அளவில் விற்கும்போது, அது ஒரு அமெரிக்க இளைஞரின் ஒரு நாள் கூலிக்குள் அடங்கிவிடுகிறது. ஒரு மதுரை இளைஞரின் மாதச் சம்பளத்திலோ பெரும் பள்ளம் பறிக்கிறது. நாட்டின் வருமானத்துக்கு ஏற்ப விலை வைப்பதைச் சலுகையாகச் சில நிறுவனங்கள் கருதுகின்றன. போலந்தின் அனுபவத்தைப் பார்த்தால், அந்த விலை இல்லாத இடத்தில் சந்தையே தோன்றுவதில்லை என்று தெரிகிறது.

மூன்றாவது காலத்தில் கதை திசைமாறுகிறது. சிடி ப்ராஜெக்ட் தானே விளையாட்டு உருவாக்கத் தொடங்கி, போலந்து எழுத்தாளர் ஆந்த்ஷேய் சப்கோவ்ஸ்கியின் கதைகளை அடிப்படையாகக் கொண்ட ‘விட்சர்’ விளையாட்டை 2007இலும், அதன் இரண்டாம் பாகத்தை 2011இலும் வெளியிட்டது. போலந்துப் பிரதமர் டொனால்டு டஸ்க், வருகை தந்த அமெரிக்க அதிபர் ஒபாமாவுக்கு அந்த இரண்டாம் பாகத்தைப் பரிசாகக் கொடுக்கும் அளவுக்கு அது நாட்டின் பெருமையாகியிருந்தது. அதே ஆண்டின் இறுதியில் இவின்ஸ்கி ஒரு கணக்குச் சொன்னார்: பத்து லட்சத்துக்கு மேற்பட்ட பிரதிகள் விற்றிருக்க, குறைந்தது 45 லட்சம் பிரதிகள் சட்டவிரோதமாகப் பதிவிறக்கப்பட்டிருக்கும் என்பது அவருடைய மதிப்பீடு. கிரேக்கத்திலிருந்து நகல் வரவழைத்த சிறுவன், இப்போது நகலால் இழப்பவரின் இடத்தில் நின்றார். நிறுவனம் ஜெர்மனியில் வழக்கறிஞர்கள் வாயிலாக, நகலெடுத்ததாகக் கருதப்பட்டவர்களுக்கு 900 யூரோவுக்கும் மேல் கேட்டுக் கடிதங்கள் அனுப்பியது. இணைய இணைப்பு யார் பெயரில் இருக்கிறது என்பதை வைத்து ஆளைக் கண்டுபிடிக்கும் அந்த முறையில், நகலே எடுக்காத ஒருவரும் மிரட்டலுக்கு ஆளாகலாம் என்ற எதிர்ப்பு வலுத்தது. 2012 ஜனவரியில் நிறுவனம் கடிதங்களை நிறுத்திக்கொண்டது. கள்ளப் பிரதியைத் தாங்கள் ஏற்கவில்லை என்றும், ஆனால் தங்களை நம்பும் வாடிக்கையாளரின் மனத்தை வருத்துவது அதைவிடப் பெரிய இழப்பு என்றும் அது விளக்கம் தந்தது. மூன்றாம் பாகம் 2015இல் எந்த நகல் தடுப்பும் இல்லாமலேயே கணினிக்கு வந்தது. 2023க்குள் எல்லாக் கருவிகளிலும் சேர்த்து 5 கோடிக்கும் மேற்பட்ட பிரதிகள் விற்றிருந்தன.

இந்த வெற்றியை வைத்து, நகலெடுப்பதால் யாருக்கும் இழப்பில்லை என்று முடிவு கட்டுவது எளிது, தவறும்கூட. விளையாட்டுத் தொழிலில் இரண்டாவது பிரதியைச் செய்ய ஏறக்குறையச் செலவே இல்லை. செலவு முழுவதும் முதல் பிரதியில் இருக்கிறது, அதாவது நிரலாளர், ஓவியர், இசையமைப்பாளர் எனப் பலர் பல ஆண்டுகள் வாங்கிய சம்பளத்தில். அச்செலவை விற்கும் ஒவ்வொரு பிரதியும் சிறிது சிறிதாகத் திருப்பித் தருகிறது. எனவே பணம் கொடுக்காமல் ஆடுபவர் நிறுவனத்திடமிருந்து பொருளைப் பறிக்கவில்லை என்றாலும், பணம் கொடுத்த மற்ற ஆட்டக்காரர்களின் தோளில் ஏறிச் செல்கிறார். அதிலும் சிறு நிறுவனங்களின் நிலை வேறு. ஆஸ்திரேலியாவின் கிரீன்ஹார்ட் கேம்ஸ் என்னும் நிறுவனத்தை நடத்திய சகோதரர்கள் இருவர், விளையாட்டு நிறுவனம் நடத்துவதையே கதையாகக் கொண்ட ‘கேம் டெவ் டைகூன்’ விளையாட்டை 2013 ஏப்ரலில் 8 டாலருக்கு வெளியிட்டபோது, சற்றே மாற்றிய ஒரு பிரதியைத் தாங்களே டொரன்ட் வழியில் பரவவிட்டார்கள். டொரன்ட் என்பது, பயனர்கள் தங்களிடமுள்ள கோப்பின் துண்டுகளை ஒருவருக்கொருவர் கொடுத்து வாங்கும் பகிர்வு முறை. முதல் நாள் முடிவில் அந்தப் பிரதியை ஆடியவர்கள் 3,104 பேர். விலைக்கு வாங்கியவர்கள் 214 பேர். பரவவிட்ட பிரதியில், ஆடுபவர் நடத்தும் கற்பனை நிறுவனம் நன்றாக வளர்ந்துவரும்போது, கள்ளப் பிரதிகளால் வருமானம் குன்றித் திவாலாகும்படி அமைத்திருந்தார்கள். அதை ஆடியவர்களில் சிலர், விளையாட்டுக்குள் நகல் தடுப்பைக் கண்டுபிடிக்க வழி உண்டா என்று வெளிப்படையாகக் கேட்டார்கள். தடுப்பு எதுவும் வைக்காத, தாய்மொழி இல்லாத குறையோ விலை எட்டாத குறையோ சொல்ல முடியாத ஒரு விளையாட்டுக்கு நேர்ந்தது இது. ஸ்பெக்ட்ரம் காலத்துப் போலந்து மாணவருக்காகச் சொல்லும் நியாயத்தை, விலையுயர்ந்த வரைகலை அட்டை பொருத்திய கணினியில் 8 டாலர் விளையாட்டை நகலெடுப்பவருக்காகச் சொல்ல முடியாது.

இழப்பு எவ்வளவு என்பதில் ஆய்வுகளும் ஒரே குரலில் பேசவில்லை. ஐரோப்பிய ஆணையம் பணம் கொடுத்துச் செய்வித்து 2015இல் முடிந்த ஒரு விரிவான ஆய்வு, விளையாட்டுகளைப் பொறுத்தவரை சட்டவிரோதப் பதிவிறக்கம் விற்பனையைக் குறைத்ததற்கு உறுதியான சான்றில்லை என்று கண்டது; ஐரோப்பிய நாடாளுமன்ற உறுப்பினர் யூலியா ரேடா தகவல் பெறும் உரிமையைப் பயன்படுத்திக் கேட்ட பிறகே, 2017இல் அது வெளியே வந்தது. மாறாக, அமெரிக்காவின் வட கரோலினா பல்கலைக்கழக ஆய்வாளர் ஒருவர் 2024இல் வெளியிட்ட ஆய்வு, டெனுவோ என்னும் நகல் தடுப்பு வைத்த விளையாட்டுகளை எடுத்துக்கொண்டு, வெளியான முதல் வாரத்திலேயே தடுப்பு உடைந்தால் வருமானத்தில் சராசரியாக 20 விழுக்காடு அளவுக்கு இழப்பு நேர்கிறது என்றும், 12 வாரங்கள் கடந்து உடைந்தால் ஏறத்தாழ இழப்பே இல்லை என்றும் காட்டியது. இவ்விரண்டையும் சேர்த்துப் படித்தால், நிறுவனத்தின் நியாயமான கவலை முதல் சில வாரங்களுக்கு உரியது என்பது புலப்படும். ஆனால் தடுப்புகளோ ஆண்டுக்கணக்கில் நீடிக்கின்றன.

அத்தடுப்புகளின் சுமையைச் சுமப்பவர் பெரும்பாலும் பணம் கொடுத்தவரே. 2008இல் வெளியான ‘ஸ்போர்’ விளையாட்டை விலைக்கு வாங்கியவர் மூன்று முறைக்கு மேல் நிறுவ முடியாதபடி வரம்பு வைக்கப்பட்டது. வாங்கியவர்கள் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட கண்டன மதிப்புரைகளை அமேசானில் எழுதினார்கள், அவ்வாண்டில் மிகுதியாக நகலெடுக்கப்பட்ட விளையாட்டுகளில் அதுவே முன்னணியில் நின்றது. 2010இல் யூபிசாஃப்ட் நிறுவனம், தனியாக ஆடும் விளையாட்டுக்கும் இடைவிடாத இணைய இணைப்பு வேண்டும் என்று விதித்திருந்தபோது, அதன் வழங்கிக் கணினிகள் தாக்குதலுக்கு உள்ளாகி முடங்க, அசலை வாங்கியவர்கள் ஆட முடியாமல் நின்றார்கள். அதே நிறுவனம் 2008இல், தன் தடுப்பாலேயே ஒரு விளையாட்டை ஆட முடியாமல் தவித்த வாடிக்கையாளர்களுக்கு அதிகாரபூர்வத் திருத்தமாக அனுப்பிய கோப்பு, ரீலோடட் என்ற கிராக் குழு செய்த கோப்பு என்பது கண்டுபிடிக்கப்பட்டது.

இந்தியச் சட்டம் இந்த விவகாரத்தில் பலரும் எண்ணுவதைவிட நிதானமானது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், சட்டவிரோதப் பிரதி என்று தெரிந்தே கணினி நிரலைப் பயன்படுத்துபவருக்கு ஏழு நாள் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும் 50,000 ரூபாய் முதல் அபராதமும் விதிக்கிறது. அதே சட்டம், முறைப்படி வாங்கிய நிரலைத் தன் சொந்த, வணிகமல்லாத பயன்பாட்டுக்காக நகலெடுத்துக்கொள்ள அனுமதியும் தருகிறது. 2012இல் சேர்க்கப்பட்ட பிரிவு, தடுப்பை உடைப்பதையே குற்றமாக்காமல், உரிமையை மீறும் நோக்கத்தோடு உடைப்பதையே குற்றமாக்கியது. தமிழ்நாடு 2004இல் வீடியோ திருட்டுப் பிரதியாளர்களைக் குண்டர் தடுப்புச் சட்டத்துக்குள் கொண்டுவந்தது திரைப்படத் துறையின் வேண்டுதலால். விளையாட்டுகள் அங்கே பேச்சாக இல்லை.

இவற்றையெல்லாம் கடந்து, இப்போது நான்காவது ஒரு காலம் வந்திருக்கிறது: விலை கொடுத்து வாங்கியும் வைத்துக்கொள்ள முடியாத காலம். புத்தகம் அச்சில் இல்லாமல் போனாலும் நூலகத்தில் ஒரு படி இருக்கும். விளையாட்டுக்கு அந்த உறுதி இல்லை. அமெரிக்காவின் வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023இல் வெளியிட்ட ஆய்வின்படி, அந்நாட்டில் 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு அப்போது விற்பனையில் இல்லை. நின்டெண்டோ 2023 மார்ச் மாதத்தில் தன் பழைய கருவிகள் இரண்டுக்கான இணையக் கடையை மூடியபோது, அங்கே மட்டுமே விற்ற விளையாட்டுகளை வாங்கும் வழி அடைபட்டது. காப்பகங்களில் உள்ள பழைய விளையாட்டுகளை ஆய்வாளர்கள் வீட்டிலிருந்தே இணையம் வழியாகப் பார்க்க அனுமதி கேட்டு அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகத்திடம் வைத்த கோரிக்கை, 2024 அக்டோபரில் மறுக்கப்பட்டது. கேட்டவர்கள் நூலகர்களும் வரலாற்றாளர்களும். முறையான வழி இப்படி மூடப்பட்டிருக்கும்போது, விற்பனையிலேயே இல்லாத விளையாட்டுகளைப் பல ஆண்டுகளாகத் தேடி நகலெடுத்துச் சேர்த்துவைத்த பெயரறியாத ஆர்வலர்களின் தொகுப்புகளே அக்கலையின் நினைவைத் தாங்கி நிற்கின்றன. விற்பனை இல்லாத இடத்தில் நகலெடுப்பால் இழப்பு இல்லை என்ற பழைய போலந்து நியாயம் இங்கே முழு வலுவோடு திரும்பி வருகிறது. இம்முறை விற்பனை இல்லாமல் போனது உரிமையாளரின் விருப்பத்தால்.

யூபிசாஃப்ட் 2014இல் விற்ற ‘தி க்ரூ’ என்னும் கார்ப் பந்தய விளையாட்டின் வழங்கிக் கணினிகள் 2024 மார்ச் 31 அன்று நிறுத்தப்பட்டன. அடுத்த சில வாரங்களில், வாங்கியவர்களின் கணக்கிலிருந்தும் அதன் உரிமம் நீக்கப்பட்டது. தனியாக ஆடக்கூடிய பகுதியும் சேர்ந்தே மறைந்தது. அதிலிருந்து எழுந்த இயக்கம், நிறுவனங்கள் ஆதரவை நிறுத்தும்போது விளையாட்டை ஆடக்கூடிய நிலையில் விட்டுச்செல்ல வேண்டும் என்ற சட்டத்தைக் கோரி, 2025 ஜூலை முடிவதற்குள் ஐரோப்பிய ஒன்றியத்தில் 10 லட்சத்துக்கும் மேற்பட்ட கையொப்பங்களைத் திரட்டியது. தொழில்துறை அமைப்புகள் அது செலவை மிகுதியாக்கும் என்கின்றன. ஏற்கெனவே கட்டி முடித்த விளையாட்டுகளைப் பொறுத்தவரை அக்கவலையில் உண்மை உண்டு, இனிமேல் கட்டப்போகும் விளையாட்டுகளுக்கு அது பொருந்தாது. கலிபோர்னியா மாநிலத்தில் 2025 ஜனவரி முதல் நடைமுறையில் உள்ள சட்டம் இந்த அளவுக்குச் செல்லவில்லை: நிரந்தரமாகப் பதிவிறக்கி வைத்துக்கொள்ள முடியாத ஒரு விளையாட்டை விற்கும் கடை, கொடுக்கப்படுவது பொருளின் உடைமையன்று, திரும்பப் பெறக்கூடிய உரிமம் மட்டுமே என்று பணம் செலுத்தும் இடத்திலேயே வாங்குபவருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்பதே அதன் விதி.